அடுத்த கடைவரை உள்ள தெரு

தாசேக் கெலுகோரிலிருந்து ஜார்ஜ் டவுனுக்கு உணவு நடை வழிகாட்டியாக வரவிருக்கும் இளைஞருக்கு,

உணவு நடை என்பது, பழைய நகரமொன்றின் தெருக்கள் வழியே சிறு குழுவை நடத்திச் சென்று, நான்கைந்து கடைகளில் நிறுத்திச் சிறிது சிறிதாக உண்ணவைத்து, அந்த உணவு அந்தத் தெருவுக்கு வந்துசேர்ந்த கதையை விளக்கும் தொழிலாகும். இத்தாலியின் பொலோன்யா, பலெர்மோ போன்ற நகரங்களில் நன்கு வேரூன்றிவிட்ட இத்தொழில், 2008 ஜூலையில் மலாக்காவுடன் சேர்ந்து யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்ற, பினாங்குத் தீவின் ஜார்ஜ் டவுனிலும் இன்று பலருக்குச் சோறு போடுகிறது. எந்தக் கடையில் எது நன்றாக இருக்கும் என்பதைக் கைப்பேசியே சொல்லிவிடும் காலத்தில், வழிகாட்டிக்கென்று எஞ்சியிருப்பது ஒரு கடையிலிருந்து அடுத்த கடைவரை உள்ள தெருதான் என்பதே இக்கடிதம் முன்வைக்கும் கருத்து.

பொலோன்யாவின் வழிகாட்டிக்கு ஒரு வசதி உண்டு. அந்நகருக்குரிய தாலியத்தெல்லே என்னும் நாடா வடிவ மாவுப் பண்டம் வெந்தபின் 8 மில்லிமீட்டர் அகலம் இருக்க வேண்டும் என்று 1972இல் வரையறுக்கப்பட்டு, தங்கத்தில் செய்த அதன் மாதிரி நகர வணிகச் சபையில் வைக்கப்பட்டுள்ளது. அதனுடன் சேரும் ராகு என்னும் இறைச்சிக் குழம்பின் செய்முறையும் 1982இல் அதே சபையில் பதிவாயிற்று. ஆகவே அங்கே ஒருவர் தட்டைக் காட்டி, இதுதான் அசல் என்று அடித்துச் சொல்ல முடியும். ஜார்ஜ் டவுனில் அவ்வாறு சொல்ல முயலும் வழிகாட்டி முதல் கடையிலேயே பொய்யராகிவிடுவார், ஏனெனில் இவ்வூர் உணவுகளில் பெரும்பாலானவை துறைமுகத்தில் ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்கு மாறியவை. அவற்றுக்குப் பதிவேடும் இல்லை, தங்க மாதிரியும் இல்லை.

இதற்கு நாசி கண்டாரே தக்க சான்று. நாசி என்பது சோறு. கண்டார் என்பது தோளில் சுமக்கும் தண்டு, அதாவது தமிழ்நாட்டில் காவடி என்று சொல்லப்படும் அதே அமைப்பு. தமிழகக் கடற்கரையிலிருந்து வந்த தமிழ் முஸ்லிம்கள் ஒரு முனையில் சோற்றையும் மறுமுனையில் குழம்புகளையும் தொங்கவிட்டுச் சுமந்து, துறைமுகத் தொழிலாளருக்கு விற்றதிலிருந்து இப்பெயர் வந்தது. அவர்களை மலாய்க்காரர்கள் மாமாக் என்று அழைத்ததும் மாமா என்னும் தமிழ் முறைப்பெயரிலிருந்துதான். 1907ஐத் தன் தொடக்க ஆண்டாகக் குறிக்கும் ஹமீதியா உணவகம் இன்றும் கேம்பல் தெருவில் இருக்கிறது. வரலாற்றை இங்கே நிறுத்திவிட்டு, பரிமாறுபவரின் கையைப் பார்க்குமாறு விருந்தினரிடம் சொல்வது நல்லது. சோறு தட்டில் விழுந்ததும் அவர் கரண்டியின் முதுகால் அதை லேசாக அழுத்திக் குழி செய்கிறார். கோழிக் குழம்பின் மேல் மிதக்கும் எண்ணெயை ஒதுக்கிவிட்டு அடியிலிருந்து ஒரு கரண்டி, மீன் குழம்பில் அரைக் கரண்டி, வேறொரு சட்டியிலிருந்து இன்னும் கொஞ்சம் என்று ஊற்றி, ஓரத்தில் இரண்டு வெண்டைக்காயைச் சாய்த்துவைக்கிறார். வெள்ளம் என்று பொருள்படும் பாஞ்சிர் என்னும் மலாய்ச் சொல்லை வாடிக்கையாளர் உச்சரித்தால் குழம்புகள் தட்டின் விளிம்புவரை ஏறும். ஒவ்வொரு குழம்பும் தனியாக இருக்கையில் ஏதோ ஒரு குறையோடுதான் இருக்கிறது. கலந்த இடத்தில்தான் நாசி கண்டார் பிறக்கிறது. கலக்கும் விகிதம் அந்தக் கையில் மட்டுமே உள்ளது. பரிமாறுபவர் விடுப்பில் சென்றால் சுவையும் அவருடன் போய்விடும் என்பது பழைய வாடிக்கையாளர்கள் அறிந்த செய்தி.

அங்கிருந்து சில நிமிட நடையில், 1801இல் தோற்றுவிக்கப்பட்ட கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் வருகிறது. தமிழறிந்த விருந்தினர் எவரேனும் இவ்விடத்தில் பெயரைப் பற்றிக் கேட்பார். வழிகாட்டி அதற்கு ஆயத்தமாக இருக்க வேண்டும். கப்பித்தான் என்பது ஒரு சமூகத்துக்கு அரசு ஏற்ற தலைவர். கெலிங் என்பது கலிங்கம் என்னும் பெயரிலிருந்து வந்து, தென்னிந்தியர் அனைவருக்கும் பொதுவாக வழங்கிய பழஞ்சொல். இன்றைய மலேசியாவில் இந்தியரைப் பார்த்து அச்சொல்லைச் சொன்னால் அது வசை. வரலாற்றுப் பெயராகப் பள்ளிவாசலின் முகப்பில் நிற்கும் அதே சொல், தெருவில் ஒருவர் வாயிலிருந்து வந்தால் சண்டையில் முடியும் என்பதை மழுப்பாமல் எடுத்துரைப்பதே மதிப்பான வழி. இதே சாலையில் 1818இல் எழுந்த செயின்ட் ஜார்ஜ் தேவாலயமும் சீனர்களின் கருணைத் தேவதை கோயிலும் உள்ளன. சற்றுத் தள்ளிக் குயின் தெருவில் 1833இல் கட்டப்பட்ட ஸ்ரீ மகா மாரியம்மன் ஆலயம் இருக்கிறது. சுற்றுலாத் துறை பள்ளிவாசல் நிற்கும் இச்சாலைக்கு நல்லிணக்கத் தெரு என்று பெயர் சூட்டியிருப்பதில் தவறில்லை. ஆனால் அச்சொல்லையே பத்து முறை சொல்லி நடத்திச் செல்லும் வழிகாட்டியிடம் சொல்வதற்கு வேறெதுவும் இல்லை என்பதை விருந்தினர் விரைவிலேயே கண்டுகொள்வார்.

சோழமண்டலக் கரையிலிருந்து வந்த தமிழ் முஸ்லிம்களைக் குறிக்கும் சூலியா என்னும் சொல்லைத் தாங்கிய சூலியா தெருவும் கிங் தெருவும் சந்திக்கும் மூலையில், 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தைச் சேர்ந்த நாகூர் தர்கா நிற்கிறது. நாகூரில் அடங்கியுள்ள ஷாகுல் ஹமீது ஆண்டகையின் நினைவாகக் கடல்கடந்து எழுப்பப்பட்ட இக்கட்டடத்தின் முன், 1973வரை சென்னையிலிருந்து நாகப்பட்டினம் வழியாகப் பினாங்குக்கு வந்துகொண்டிருந்த ரஜூலா கப்பலை நினைவுகூராமல் கடந்துபோவது பெரும் இழப்பாகும். உணவை எதுவும் காட்டாமல் பத்து நிமிடம் நிற்கத்தக்க இடம் இது. மார்க்கெட் தெருவைக் கடைத்தெரு என்றும், பினாங்கு தெருவைச் செட்டித் தெரு என்றும் தமிழர் வழங்கிய பெயர்களையும் இங்கேயே சொல்லிவிடலாம். அதன்பின் மசாலைக் கடைகளின் மணமே வழிகாட்டும்.

தொழிலின் ஒழுங்குகள் குறித்தும் சில சொற்கள் தேவை. மலேசியாவில் சுற்றுலாத் தொழில் சட்டம் 1992இன்படி உரிமம் இல்லாமல் வழிகாட்டியாகப் பணியாற்றுவது குற்றம்; சுற்றுலா அமைச்சு ஏற்ற பயிற்சியை முடித்துத் தேர்வில் தேறியவருக்கே உரிமம் கிடைக்கும்; நகர வழிகாட்டிக்கு நீல அட்டை, இயற்கை வழிகாட்டிக்குப் பச்சை அட்டை. அடுத்தது, கடைகளின் வரிசை. ஒரே குழுவில் ஹலால் உணவு மட்டும் உண்பவர், மாட்டிறைச்சி தொடாதவர், வெள்ளிக்கிழமை சைவம் காப்பவர் ஆகிய மூவரும் இருக்கக்கூடும் என்பதால், யார் எதை உண்ணமாட்டார் என்பதை முந்தின நாளே கேட்டு அதற்கேற்பக் கடைகளை வரிசைப்படுத்த வேண்டும். பசெம்பூர் என்னும் காய்க் கலவையின் குழம்பில் வேர்க்கடலை இருக்கலாம். லக்சா என்னும் நூடுல்ஸ் உணவின் மேல் விடும் கரிய கூழ் இறாலில் செய்தது. சீனர் கடையில் வறுக்கும் சார் குவே தியாவ் என்னும் தட்டை நூடுல்ஸில் பன்றிக் கொழுப்பு சேரலாம். இவற்றைச் சொல்லாமல் விடுவது அறியாமையன்று, அலட்சியம். வெள்ளிக்கிழமை நண்பகலில் ஜும்ஆ தொழுகைக்காக முஸ்லிம் கடைகள் அடைபடும் என்பதைக் கணக்கில் கொள்ளாத நடைத் திட்டம் பாதியில் நின்றுவிடும். கடைவீடுகளின் முன்னால் கூரையோடு ஓடும் ஐந்தடி நடைபாதை, அதாவது மலாயில் காக்கி லீமா, வெயிலுக்கும் மழைக்கும் அடைக்கலம் என்றாலும், மோட்டார் சைக்கிளும் காய்கறிக் கூடையும் அதை அடைத்துக்கொள்ளும்போது முதியவர்களைச் சாலையில் இறக்க நேரும். அந்த இடங்களை வழிகாட்டி முன்னரே தன் காலால் அறிந்திருக்க வேண்டும்.

கடைக்காரரிடம் தரகு வாங்குவது இத்தொழிலைக் கெடுக்கும் நஞ்சு. பன்னிரண்டு பேர் அரைத் தட்டு உண்டு, முக்கால் மணி நேரம் மேசையை அடைத்துக்கொண்டு, அடுப்படிக்குள் படமும் எடுத்துவிட்டுப் போகும் குழுவுக்காக ஒரு கடைக்காரர் தம் வழக்கமான வாடிக்கையாளரை நிற்கவைக்கிறார் என்றால், அவருக்கு முழு விலையும் கொடுப்பதே குறைந்தபட்ச நீதி. கூட்டம் குறைந்த நேரத்தில் செல்வதும் படம் எடுக்குமுன் கேட்பதும் இதில் அடங்கும்.

நடையில் மூடிய கடைகளும் வரும், அவற்றையும் காட்ட வேண்டும். போருக்கு முன் கட்டப்பட்ட வீடுகளின் வாடகையைக் கட்டுப்படுத்திய சட்டம் நீக்கப்பட்டு, 2000ஆம் ஆண்டு தொடக்கத்தில் அந்நீக்கம் முழுமையாக நடைமுறைக்கு வந்தபோது, நகர மையத்தில் தலைமுறைகளாகக் குடியிருந்த பலர் வெளியேற நேர்ந்தது. எட்டே ஆண்டுகளில் வந்த யுனெஸ்கோ பெருமை கட்டடங்களின் மதிப்பை மேலும் உயர்த்தியது. காலையில் இடியாப்பமும் ஆப்பமும் வாங்கிய அக்கம்பக்கத்தார் போனபின் அவற்றை விற்றவர்களும் இடம் மாறினர். மலேசியரின் காலை உணவுப் பண்பாடு, நாசி லெமாக், ரொட்டி சானாய், தே தாரேக் ஆகியவற்றோடு 2024இல் யுனெஸ்கோவின் மற்றொரு பட்டியலில் ஏறியிருக்கிறது. பட்டியலில் உணவு ஏறியது; உண்டவர்கள் அத்தெருவிலிருந்து இறங்கிவிட்டார்கள். உணவு நடையும் அந்த மாற்றத்தின் ஒரு பகுதியே என்பதை வழிகாட்டி தனக்குள்ளேனும் ஒப்புக்கொள்வது நலம்.

தாசேக் கெலுகோரிலிருந்து ரயிலில் புக்கிட் மெர்தாஜாம் வழியாகப் பட்டர்வொர்த் வந்து, படகேறித் தீவில் இறங்கும் இளைஞருக்குத் தாம் அக்கரைக்காரர், இந்நகரம் தமக்கு உரியதன்று என்னும் தயக்கம் எழுவது இயல்பு. தாசேக் கெலுகோர் அடங்கிய பெருநிலப் பகுதியான செபராங் பிறையின் தமிழர் வரலாறு தீவின் தமிழர் வரலாற்றிலிருந்து வேறுபட்டதென்பதும் உண்மை. 1800இல் ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்கு வந்த அப்பெருநிலத்தில், 19ஆம் நூற்றாண்டின் கரும்புத் தோட்டங்களுக்குச் சஞ்சிக் கூலிகளாக, அதாவது ஒப்பந்தத்தால் கட்டுண்ட தொழிலாளராகக் கொண்டுவரப்பட்டவர்களும் தமிழரே. கடைத்தெருவின் வணிகரையும் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில், வாழ்ந்தவரையும் ஒரே தமிழர் கதையாகக் குழைத்து விருந்தினருக்கு ஊட்டுவது, பாஞ்சிர் ஊற்றுவதைப் போன்றதன்று; இங்கே கலந்தால் இரண்டும் கெடும். லயத்துப் பேச்சைக் கேட்டு வளர்ந்தவர் அந்த வேறுபாட்டை அறிந்து பேசும் தகுதியுடையவர்.

ஊர்ப்பெயரும் கைகொடுக்கும். தாசேக் என்பது ஏரி. கெலுகோர் என்பது ஒரு மரம். குடம்புளியின் பேரினத்தைச் சேர்ந்த இம்மரத்தின் காய், வரியோடிய மஞ்சள் நிறத்தது. அதை மெல்லிய வில்லைகளாக அரிந்து வெயிலில் உலர்த்தினால் பழுப்பாகிச் சுருண்டுகொள்ளும். மலாயில் ஆசாம் கெப்பிங் எனப்படும் இவ்வில்லையைப் புளியமரத்துப் புளியென்று பல விருந்தினர் எண்ணிக்கொள்வது பிழை. கெம்போங் மீனும் செம்மலர் இஞ்சியின் மொட்டும் லக்சா இலையும் சேர்ந்து கொதிக்கும் பினாங்கு ஆசாம் லக்சாவின் குழம்பில், இவ்வில்லை கரையாமல் கிடந்து புளிப்பை மட்டும் விட்டுக்கொடுக்கிறது. கிண்ணத்துக்கு வருமுன் பலரும் அதை எடுத்து எறிந்துவிடுவர். நடையின் கடைசிக் கிண்ணம் லக்சாவாக இருக்குமானால், பையில் ஒரு பொட்டலம் உலர்ந்த வில்லைகளை எடுத்துச் சென்று ஆளுக்கொன்று கையில் கொடுக்கலாம். எந்தச் சந்தையிலும் கிடைக்கும், விலையும் அதிகமில்லை.