வரப்பெலியும் அதன் வளையும்

புறநானூற்று 190ஆம் பாட்டில் சோழன் நல்லுருத்திரன், விளைந்த கதிரைக் கொண்டுபோய்த் தன் வளையை நிறைக்கும் எலியைச் சுட்டி, அத்தகையோர் நட்பு வேண்டா என்கிறான். வகுப்பறையில் நாம் உவமையின் நயங்கூறி மேற்செல்கிறோம். அவ்வெலி யாதென்று கேட்பதில்லை.

தகடூர் நாடாகிய தருமபுரி மாவட்டத்தில் விடை தேடலாம். மானாவாரிக் கேழ்வரகும் நிலக்கடலையும் விளையும் வறண்ட நிலம் வெள்ளெலிக்கு ஏற்றது. வாணியாறு, சின்னாறு ஆகியவற்றின் அணைநீர் பாயும் நெல், கரும்பு வயல்களின் ஈரமண்ணோ வரப்பெலிக்கு உரியது. விலங்கியலார் இதனைப் பாண்டிகோட்டா பெங்காலென்சிஸ் என்பர். 'பன்றியெலி' எனப் பொருள்படும் 'பந்திகொக்கு' என்னும் தெலுங்குச் சொல்லே ஆங்கிலத்தில் 'பாண்டிகூட்' ஆயிற்று. அப்பெயர் கடல் கடந்து, எலியினமே அல்லாத ஓர் ஆஸ்திரேலியப் பைம்மா விலங்குக்கும் சென்று ஒட்டிக்கொண்டது வேடிக்கையே.

வரப்பெலி இரவில் இயங்குவது. ஒரு வளையில் வளர்ந்த எலி ஒன்றே வாழும். தாயுடன் குஞ்சுகள் இருக்கும் காலமே விலக்கு. வரப்பைக் குடைந்து கிளைகிளையாகச் செல்லும் வளையில் வைக்கோல் பரப்பிய படுக்கையறை ஒருபுறமும் கதிர் சேர்க்கும் அறைகள் மறுபுறமும் அமையும். வாயில்களை உள்ளிருந்தே மண்ணால் அடைத்துக்கொள்ளும். வெளியே குவிந்த புதுமண்ணே உழவர்க்கு அடையாளம். வட தமிழகத்து இருளர், வளையைத் தோண்டி எலியோடு அது சேர்த்த நெல்லையும் எடுப்பது நெடுநாள் வழக்கம்.

நம் வயல் எலிகளுள் கதிரை மிகுதியாகச் சேர்ப்பது இதுவே. ஆதலின் புலவன் கண்டது வரப்பெலி என்றே நமக்குத் தோன்றுகிறது. நட்பைப் பாடுமிடத்து, துணையின்றி வாழும் உயிரை அவன் தேர்ந்தது பொருத்தமுடைத்து. சேமிப்பை மட்டும் விளக்கினால் உவமையில் பாதியே விளங்கும்.

உழவர்க்கு இது உவமையன்று, இழப்பு. கதிரும் போகிறது, வரப்பு குடையப்பட்டு நீரும் கசிகிறது. துத்தநாக பாஸ்பைடு கலந்த இரையைத் தின்று பிழைத்த எலி மறுமுறை அதனைத் தொடாது. நஞ்சுண்ட எலியைத் தின்னும் பிற உயிர்களுக்கும் கேடு உண்டு. கூகையும் சாரையும் உழவர்க்குச் செய்யும் உதவியை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை. ஒருவர் மட்டும் தம் வயலில் தஞ்சாவூர்க் கிட்டி வைத்துப் பிடித்தாலும் பயன் நீடிப்பதில்லை. வெறுமையான வளைக்கு அடுத்த வரப்பிலிருந்து வேறோர் எலி குடிவந்துவிடும். ஊரார் அனைவரும் ஒரே காலத்தில், நாற்று நட்ட தொடக்கத்திலேயே, வரப்புகளை ஒருங்கே கவனித்தல் வேண்டும்.