ஆளைக் கொன்ற பெயரடை

நெய்யூர்

பிரியமுள்ள தம்பிக்கு,

டாக்டர் சோமர்வெல் பற்றிய உன் மொழிபெயர்ப்பைத் திண்ணையில் உட்கார்ந்து வாசித்தேன். 1922இல் எவரெஸ்ட் பயணம் முடித்து இங்கே வந்தவர், ஆஸ்பத்திரியில் காத்துக் கிடந்த கூட்டத்தைப் பார்த்து மனம் மாறிய இடம் நன்றாக வந்திருக்கிறது. ஆனால் 'லேட்' கண்ட இடமெல்லாம் 'காலஞ்சென்ற' என்று போட்டிருக்கிறாய். 'லேட் டாக்டர் சோமர்வெல்' சரி, அவர் 1975இல் மறைந்தார். அவர் வரைந்த படங்கள் என்ன பாவம் செய்தன? 'காலஞ்சென்ற ஓவியங்கள்' இல்லை தம்பி, 'பிற்கால ஓவியங்கள்'.

சிரிக்க எனக்கு யோக்கியதை இல்லை. உன் வயதில் நானும் ஒரு பாதிரியாரைக் கொன்றிருக்கிறேன். பழைய மிஷன் அறிக்கையில் அவர் பெயருக்குப் பின்னால் 'லேட் ஆஃப் நெய்யூர்' என்றிருந்தது. 'நெய்யூரில் காலஞ்சென்ற' என்று எழுதிவிட்டு மேலே போனேன். நாலு பக்கம் தள்ளி அதே ஆள் இங்கிலாந்திலிருந்து கடிதம் போடுகிறார்! அந்தக் கால ஆங்கிலத்தில் அதற்கு 'முன்பு நெய்யூரில் இருந்தவர்' என்றுதான் பொருள். அச்சுக்குப் போகுமுன் கண்ணில் பட்டதால் பிழைத்தார்.

இந்தச் சொல்லின் வேரில் சாவும் இல்லை, கடிகாரமும் இல்லை. பழைய ஆங்கிலத்தில் இது மந்தத்தைக் குறித்தது. 'பைய வாறான்' என்கிறோமே, அந்தப் பைய. பைய வருகிறவன் பிந்தித்தானே வந்து சேருவான்? அப்படித்தான் வேகத்தின் சொல் நேரத்துக்கு வந்தது. களைத்தவனைக் குறிக்கும் லத்தீன் 'லஸ்ஸுஸ்' இதற்குத் தூரத்து உறவு. 'லாஸ்ட்' சொந்தப் பிள்ளை. செத்தவர் பெயருக்கு முன்னால் இது ஏறியது 15ஆம் நூற்றாண்டில். இப்போது நம் கல்யாணக் கார்டிலும் அடைப்புக்குறிக்குள் உட்கார்ந்திருக்கிறது. 'காலமானார்' என்ற அழகான சொல்லை வைத்துக்கொண்டு நமக்கு ஏன் இந்தக் கடன்?

'லாட்டர்' என்பதும் இதே குடும்பம்தான். 'லாட்டர் ரெயின்' நம் வேதாகமத்தில் 'பின்மாரி'. 'தாமத மழை' என்று எழுதியிருந்தால் கெட்டது. கானானில் அது மார்ச், ஏப்ரல் வாக்கில், அறுப்புக்கு முன் கதிரை முற்றவைக்கும் மழை. பருவம் தப்பாமல் வருவது. 'பின்' என்ற ஒற்றை அசையில் அதைப் பிடித்தவருக்கு அகராதி மட்டும் போதியிருக்காது, வயலும் தெரிந்திருக்கும்.

ஓவியங்களை முதலில் உயிர்ப்பித்துவிடு. ஞாயிறு ஆராதனை முடிந்ததும் திருத்திய தாளோடு வா. பிந்தினால் மரச்சீனியும் மீன்கறியும் ஆறிப்போகும்.

அன்புடன்,
அண்ணன்