முகத்தை வெளுக்காதே, தம்பி

தம்பிக்கு,

நீ அனுப்பிய கல்யாண வீடியோவைப் பார்த்தேன். பொண்ணு நல்ல கருப்பு, அழகான கருப்பு. நாலு பக்கமும் எல்இடி வைத்து, கலர் கிரேடிங்கில் மிச்சத்தையும் வெளுத்து, சுண்ணாம்பு அடித்த சுவர் மாதிரி ஆக்கிவிட்டாய். வீட்டுக்காரர்கள் அப்படித்தான் கேட்பார்கள், தெரியும். ஆனால் சினிமாவுக்குப் போகிறேன் என்கிறாயே, அதனால் ஒரு ஜெர்மன்காரரைப் பற்றிச் சொல்கிறேன்.

ஜோசப் விர்ஷிங். 1903இல் ம்யூனிக்கில் பிறந்தவர். 1925இல் இயக்குநர் ஃப்ரான்ஸ் ஆஸ்டனோடு இந்தியா வந்து, ஹிமான்சு ராயின் 'பிரேம் சன்யாஸ்' என்ற மௌனப் படத்துக்குக் கேமரா பிடித்தார். 1934இல் ராய் பம்பாய் மலாடில் பாம்பே டாக்கீஸ் ஸ்டூடியோவைத் தொடங்கியபோது மறுபடி வந்தார். இந்த மண்ணிலேயே தங்கி, 1967இல் இங்கேயே இறந்தார்.

அவருடைய 'அச்சூத் கன்யா' (1936) படத்தைப் பார். தேவிகா ராணிக்கு ரயில்வே கேட் காப்பவரின் மகள் வேஷம், ஒடுக்கப்பட்ட சாதிப் பெண். ஆனால் அந்த முகத்தில் விழுவது நட்சத்திரத்துக்கான வெளிச்சம். வெயில் பட்ட தோலே அங்கே இல்லை. வேலை சுத்தம்தான், எனக்கு மனசு ஒட்டவில்லை. நீ செய்வதும் அதுதான், அந்தச் சுத்தம்கூட இல்லாமல்.

1939இல் போர் மூண்டது. எதிரி நாட்டுக்காரர் என்று பிரிட்டிஷ் அரசு அவரைப் பிடித்து முகாமில் அடைத்தது. நல்ல வயசில் சில வருஷம் கேமரா இல்லாமல் போயிற்று. வெளியே வந்தவர் 1949இல் இயக்குநர் கமால் அம்ரோஹிக்கு எடுத்துக் கொடுத்தது 'மஹல்'. கடிகாரம் இரண்டு அடிக்கும் அந்த மாளிகையில் அசோக்குமார் நடப்பதைப் பார். முகம் பாதி இருட்டுக்குள் போய்விடும். விர்ஷிங் அதை மீட்க ஓடவில்லை. சத்தத்தை அணைத்துவிட்டுப் பார்த்தால் எந்த லைட் எங்கே இருக்கிறது என்பதைவிட, எங்கே இல்லை என்பது புரியும். அவரிடமிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது இதைத்தான்.

அதே அம்ரோஹியின் 'பாகீஸா' பல வருஷம் இழுத்தது. அது முடியும் முன்பே விர்ஷிங் போய்விட்டார். மிச்சத்தை வேறு ஒளிப்பதிவாளர்கள் முடித்து 1972இல் படம் வந்தது. டைட்டிலில் பேர் எந்த இடத்தில் வரும் என்று இப்போதே கவலைப்படுகிற உனக்காக இதையும் சொல்லிவைக்கிறேன்.

சரி, வேலைக்கு வா. அரவை சீசனில் முண்டியம்பாக்கம் சர்க்கரை ஆலைப் பக்கம் கரும்பு டிராக்டர்கள் வரிசையில் நிற்குமே, சாயங்காலம் நாலரைக்குப் போ. லைட் எதுவும் வேண்டாம். வெளிச்சத்தைத் திருப்ப ஒரு தெர்மகோல் போதும். தலையில் வெள்ளைத் துண்டு கட்டின ஒரு கருத்த ஆளைக் கேட்டு நிறுத்து. துண்டுக்கு எக்ஸ்போஷர் வைத்தால் முகம் கரியாகும். முகத்துக்கு வைத்தால் துண்டு வெடித்துவிடும். உடனே லைட்டைத் தேடாதே. அவரைக் கொஞ்சம் திருப்பு, வெயில் பக்கவாட்டில் வரட்டும். கன்னத்தில் வேர்வை மினுங்கும், பார்த்திருக்கிறாயா? கருத்த தோலுக்கு உருவம் கொடுப்பது அந்த மினுக்கம்தான். பவுடர் போட்டுத் துடைத்துவிடாதே. மறுபக்கக் கண் மட்டும் தெரிகிற அளவுக்குத் தெர்மகோலைத் தள்ளிப் பிடி. அப்புறம் அதையும் எடுத்துவிட்டு ஒரு ஷாட்.

ஃபுட்டேஜை எடுத்தபடியே அனுப்பு, கிரேடிங்கில் கைவைக்காதே. லோடு இறக்கக் காத்திருக்கிற ஆளை நிற்க வைக்கிறாய், ஒரு டீயாவது வாங்கிக் கொடு.