வீட்டு வாசலில் அமீனா: எதை ஜப்தி செய்யலாம், எதைத் தொட முடியாது?

கடன் வழக்கில் சம்மன் வந்ததும் பலர் செய்யும் முதல் தவறு, அதை வாங்காமல் திருப்பி அனுப்புவது. "நாமதான் போகலையே, வழக்கு நிக்கும்"னு நினைக்கிறோம். வழக்கு நிற்காது. நீங்கள் வராமலேயே ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பாகிவிடும். பிறகு நிறைவேற்று மனு, அதன்பின் அமீனா.

ஜெயிலில் போட்டுவிடுவார்களா?

பணம் இல்லை என்பதற்காக மட்டும் யாரையும் சிவில் சிறையில் அடைக்க முடியாது. கொடுக்க வசதி இருந்தும் மறுப்பவர், சொத்தை மோசடியாக மாற்றுபவர், தப்பி ஓட முயல்பவர் போன்றோருக்கே அது பொருந்தும். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908, பிரிவு 51 இதைச் சொல்கிறது. ஜோலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றமும் 1980-ல் இதை உறுதிப்படுத்தியது. பணத்துக்கான தீர்ப்பாணையில் பெண்களைக் கைது செய்யவே முடியாது (பிரிவு 56). ஆனால் செக் பவுன்ஸ் வழக்கு குற்றவியல் வழக்கு. அதற்கு இது பொருந்தாது.

தொட முடியாதவை (பிரிவு 60)

• உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை
• மத வழக்கப்படி பெண் கழற்றக் கூடாத நகை (தாலி போல)
• கைத்தொழிலாளியின் கருவிகள்
• விவசாயியின் உழவுக் கருவிகள். பிழைப்புக்குத் தேவை என்று நீதிமன்றம் கருதும் மாடு, விதை நெல்
• விவசாயி, கூலித் தொழிலாளி, வீட்டு வேலை செய்பவர் ஆகியோர் குடியிருக்கும் சொந்த வீடு
• கூலித் தொழிலாளர், வீட்டு வேலை செய்பவரின் கூலி
• அரசு ஓய்வூதியம்

வீட்டையே அடமானம் வைத்து வாங்கிய கடனுக்கு இந்தப் பாதுகாப்பை நம்பி இருக்காதீர்கள். சூரியன் மறைந்த பின், உதிக்கும் முன் ஜப்திக்காக வீட்டுக்குள் நுழையவும் கூடாது.

சம்பளத்தில் எவ்வளவு?

முதல் 1,000 ரூபாயும், மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் உங்களுக்கே. சம்பளம் 19,000 என்று வைத்துக்கொள்வோம். 1,000 போக மீதி 18,000. அதில் 12,000 உங்களுடையது. ஆக 13,000 கையில் நிற்கும். 6,000 வரைதான் பிடிக்கலாம். ஒரே தீர்ப்பாணைக்காக மொத்தம் 24 மாதம் பிடித்துவிட்டால், அந்தத் தீர்ப்பாணைக்கு மேற்கொண்டு சம்பளத்தில் கை வைக்க முடியாது. ஜீவனாம்சத் தீர்ப்புக்குக் கணக்கு வேறு.

நீங்கள் செய்ய வேண்டியது

1. சம்மனை வாங்குங்கள். கிடைத்த 30 நாளுக்குள் எதிருரை தாக்கல் செய்யுங்கள்.
2. கடன் உண்மை என்றால், தவணையில் கட்ட அனுமதி கேளுங்கள். வருமானம், செலவு, மருத்துவ ரசீதுகளைக் காட்டுங்கள்.
3. தெரியாமலே ஒருதலைப்பட்சத் தீர்ப்பாகிவிட்டதா? சம்மன் முறையாக வராதிருந்தால், தீர்ப்பு தெரிந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் ரத்து கோரி மனு போடுங்கள்.
4. போனில் 'இ-கோர்ட்ஸ் சர்வீசஸ்' ஆப்பை இறக்கி, 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் அடுத்த வாய்தா தேதி தெரியும்.
5. வக்கீல் வைக்க வசதி இல்லையா? 15100-க்கு அழையுங்கள். பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகளுக்கு வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு.
6. லோக் அதாலத்தில் பேசி முடிக்கலாம், கட்டணம் கிடையாது. அங்கே ஒப்புக்கொண்டதற்கு மேல்முறையீடு இல்லை. அதனால் கட்ட முடிந்த தொகைக்கு மட்டும் கையெழுத்துப் போடுங்கள்.

கடன் கடன்தான், கட்டத்தான் வேண்டும். ஆனால் அடுப்பையும் பிழைப்பையும் விட்டுவைக்கச் சட்டமே இடம் தருகிறது. அதைக் கேட்டுப் பெற, வாய்தா அன்று நீங்கள் கோர்ட்டில் இருக்க வேண்டும்.