கேட்க வேண்டிய மௌனப் படங்கள்

கேள்வி: குரோசவாவின் 'செவன் சாமுராய்' பார்த்த சூட்டோடு, 1921-இல் வந்த 'ஜிராயா' என்ற மௌனப் படத்தைத் தேடிப் பிடித்தேன். கேமராவைத் தூரத்தில் நட்டுவைத்து நாடகத்தை எடுத்ததுபோல் இருந்தது. பத்து நிமிடத்தில் நிறுத்திவிட்டேன். பழைய சாமுராய் படங்கள் எல்லாமே இப்படித்தானா?

பதில்: நீங்கள் பார்த்தது பாதிப் படம். மீதிப் பாதி, அந்தக் காலக் கொட்டகையில் திரைக்குப் பக்கத்தில் நின்றது. 'பென்ஷி' என்று அவருக்குப் பெயர். எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் மாற்றிப் பேசுவார், காட்சியை விவரிப்பார், அழவும் வைப்பார். நம்மூர்க் கொட்டகைகளிலும் மௌனப் படத்துக்குக் கதை சொல்ல ஆள் இருந்தார். ஜப்பானிலோ அவர் நட்சத்திரம். பென்ஷி யார் என்று பார்த்தே சீட்டு வாங்கியவர்கள் உண்டு. பேசும் படம் வந்த பிறகும் 1930-களின் நடுப்பகுதிவரை அங்கே மௌனப் படம் தாக்குப்பிடித்ததில் பென்ஷிகளின் பங்கு பெரிது. குரோசவாவின் அண்ணன் ஹெய்கோவே ஒரு பென்ஷிதான்.

கதையைக் குரல் சுமந்ததால் கேமராவுக்கு நகரும் அவசரம் இல்லை. தவிர, ஜிராயாவாக வரும் ஒனோயே மட்சுனோசுகே கபுகி என்ற ஜப்பானிய நாடக மேடையிலிருந்து வந்தவர். இயக்குநர் மகினோ ஷோசோ அவரை வைத்துப் படங்களை எடுத்துத் தள்ளினார். கண்ணை உருட்டி விழிப்பது அவர் முத்திரை. ரசிகர்கள் 'முட்டைக்கண்' என்றே பட்டப்பெயர் வைத்தார்கள். அவருடைய வாள் வீச்சு சண்டை அல்ல, அடவு. ஆனாலும் அவர் பெரிய தேரையாக மாறும் இடத்தை இன்னொரு முறை பாருங்கள். கேமராவை நிறுத்தி ஆளை மாற்றும் எளிய தந்திரம்தான், எனக்கு இன்னும் அலுக்கவில்லை.

நாலே வருடத்தில் எல்லாம் மாறிவிட்டது. 1925-இல் வந்த 'ஒரோச்சி'யில் பாண்டோ சுமசபுரோ நல்லது செய்யப்போய்ப் பழி சுமக்கும் ஏழைச் சாமுராய். கடைசியில் ஒரு கூட்டமே கயிறும் ஏணியுமாக வளைத்துக்கொள்ள, தலைகலைந்து, மூச்சிரைத்து, தடுமாறி வெட்டுகிறான். அடவு போய் ஆத்திரம் வந்துவிட்டது. கேமராவும் கூடவே ஓடுகிறது. அவன் ஜெயிப்பதில்லை. போக்கிரி என்ற பொருளில் முதலில் வைத்த தலைப்பைத் தணிக்கை ஏற்காததால்தான் 'பெரும்பாம்பு' என்ற இந்தப் பெயர்.

அடுத்து அதைப் பாருங்கள். வெறும் இசை ஒட்டிய பிரதி வேண்டாம். இக்காலப் பென்ஷி சவாதோ மிடோரி குரல் கொடுத்த பிரதி இருக்கிறது. ஜப்பானிய மொழி தெரியாவிட்டால் பரவாயில்லை, சப்டைட்டிலை விட்டுவிட்டு அந்தக் குரல் ஏறி இறங்குவதை மட்டும் பிடித்துக்கொள்ளுங்கள்.