தற்காலிகப் பணிநீக்கமும் அதன் மறுபரிசீலனையும்

நீலகிரியில் குன்னூரை அடுத்துள்ள வெலிங்டன், ராணுவத்தைச் சார்ந்த கண்டோன்மெண்டுப் பகுதியாகும். அங்கு ராணுவ நிலையங்களில் பணிபுரியும் சிவில் ஊழியர் மத்திய அரசின் விதிகளுக்கு உட்பட்டவர். அண்டையிலுள்ள உபதலை போன்ற ஊராட்சிகளில் பணிபுரியும் கிராம நிர்வாக அலுவலரோ மாநில அரசின் விதிகளுக்கு உட்பட்டவர். இவர்களுள் ஒருவர் மீது புகார் எழுந்து அவர் தற்காலிகப் பணிநீக்கம் செய்யப்பட்டால், அந்நிலை எத்துணைக் காலம் நீடிக்கலாம்? பஞ்சாயத்து அங்கத்தினர்களும் விவசாயிகளும் இதனை அறிந்திருத்தல் நலம்.

தண்டனை அன்று

தற்காலிகப் பணிநீக்கம் தண்டனை அன்று. சாட்சிகளைக் கலைக்கவோ, பதிவேடுகளைத் திருத்தவோ இடமின்றி விசாரணை நடைபெறுவதற்காக ஊழியரை விலக்கி வைக்கும் ஏற்பாடே அது. ஆகவே அவர் குற்றவாளி என்று ஊரார் முடிவு கட்டிவிடலாகாது. அக்காலத்தில் அவருக்குப் பிழைப்பூதியம் வழங்கப்படுகிறது. வேலை நடவாமலே பொதுப்பணம் செலவாகிறது என்பதையும் நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். மற்றொரு கிராமத்தின் அலுவலர் கூடுதல் பொறுப்பு ஏற்கிறார்; தேயிலைத் தோட்டமுடைய சிறு விவசாயி ஒரு சான்றுக்காக மலைச்சரிவில் பன்முறை ஏறி இறங்குகிறார்.

மத்திய அரசின் விதி

1965ஆம் ஆண்டின் மத்திய சிவில் பணிகள் விதிகளில் பத்தாம் விதி, பணிநீக்க உத்தரவை 90 நாட்களுக்குள் மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்கிறது. நீட்டிப்பு ஒவ்வொன்றும் 180 நாட்களுக்கு மேற்படலாகாது. உரிய காலத்தில் மறுபரிசீலனை நடைபெறாவிடில் உத்தரவு செல்லாது என 2009இல் தீபக் மாலி வழக்கில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது.

கண்டோன்மெண்டு நிலங்களை மேற்பார்க்கும் பாதுகாப்பு நிலத்துறையின் அதிகாரி அஜய் குமார் சௌத்ரி, 2011 செப்டம்பரில் தற்காலிகப் பணிநீக்கம் செய்யப்பட்டார். அது மீண்டும் மீண்டும் நீட்டிக்கப்பட்டது. 2015 பிப்ரவரி 16 அன்று உச்சநீதிமன்றம், மூன்று மாதங்களுக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்கப்படாவிடில் பணிநீக்கம் அதற்கு மேல் நீடிக்கலாகாது என்றது. குறிப்பாணை வழங்கப்பட்டிருப்பின், காரணங்களை விளக்கியே நீட்டிக்க வேண்டும் என்றும் கூறியது. அவருக்கு அதற்குள் குறிப்பாணை வழங்கப்பட்டுவிட்டதால், அவர் உடனடியாக இதன் பலனைப் பெறவில்லை.

தமிழ்நாட்டில் நிலை

தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் 17(உ) என்னும் விதி, கடுமையான குற்றச்சாட்டின் மீது விசாரணை நடைபெறும்போது பொதுநலன் கருதிப் பணிநீக்கம் செய்ய இடமளிக்கிறது. ‘மூன்று மாதம் கழிந்தது; ஊழியர் திரும்பி வந்தே தீருவார்’ என்று சிலர் கூறுவர். அது சரியன்று. 2015ஆம் ஆண்டுத் தீர்ப்பு எல்லா வழக்குக்கும் பொருந்தும் முற்றான விதி அன்று என்று சென்னை உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு 2022இல் தெளிவுபடுத்தியது. ஒவ்வொரு வழக்கின் தன்மையையும் எடைபோட்டே முடிவு செய்ய வேண்டும்.

அதற்காக, காலவரையின்றி நீட்டிக்கலாம் என்பதும் இல்லை. 2018இல் தமிழ்நாட்டின் காவல்துறை உயர் அதிகாரி ஒருவரது வழக்கில், ஆண்டுக்கணக்கில் நீடித்த பணிநீக்கத்தைத் தொடர்வதால் பயனில்லை என்று கண்ட உச்சநீதிமன்றம், அவரை முக்கியத்துவம் குறைந்த பதவியில் அமர்த்த அரசுக்கு உரிமை உண்டு என்றது. விலக்கி வைத்தல் ஒன்றே வழியன்று. இடம் மாற்றியும் விசாரணையைக் காக்கலாம்.

நாம் செய்ய வேண்டுவன

1. புகாரைத் தேதி, விவரம், ஆதாரம் ஆகியவற்றுடன் எழுத்து மூலம் அளிக்க வேண்டும்.

2. ‘பணிநீக்கம் செய்க’ என்பதோடு நின்றுவிடாமல், குற்றச்சாட்டுக் குறிப்பாணையும் விசாரணையும் விரைவில் வேண்டுமெனக் கோர வேண்டும்.

3. விசாரணைக்கு அழைக்கப்பட்ட சாட்சிகள் தவறாது செல்ல வேண்டும். சாட்சி வாராமையாலும் விசாரணை நீளும்.

4. பணியிடம் நெடுநாள் ஆளின்றிக் கிடந்தால், மாற்று ஏற்பாடு கோரிக் கிராமசபையில் தீர்மானம் நிறைவேற்றலாம். அத்தீர்மானம் ஊழியரைக் குற்றவாளி எனப் பழித்துரைத்தல் கூடாது.

குற்றம் புரிந்தவர் விரைவில் தண்டனை பெறுவதும், புரியாதவர் விரைவில் பணிக்குத் திரும்புவதும் ஊருக்கு நன்மையே. இரண்டும் இன்றி ஆண்டுகள் கழிவதே ஊருக்கு இழப்பாகும்.