வீதி விபத்து நட்டஈடு குறைந்தால்

லொறி மோதித் தோள் முறிந்தால் குருநகர் மீனவர் வலை இழுக்க ஏலாது. நம் வீட்டுப் பெண்ணுக்கு விரல் மடங்காவிட்டால் கொழுந்து பறிக்க ஏலாது. டாக்டர் எழுதுவதோ சில வீதம்தான். இந்திய உச்ச நீதிமன்றம் 2010இல் இதைத் தெளிவாக்கியது: இடது கை போனால் ஊனம் 60 வீதமாகலாம், ஆனால் சாரதிக்கோ தச்சருக்கோ உழைப்பு ஏறக்குறைய 100 வீதமும் போய்விடும், அரசாங்க கிளார்க்குக்கு வேலையே போகாது. அந்தத் தீர்ப்பு நம் நாட்டு நீதிமன்றத்தைக் கட்டுப்படுத்தாது. வாதம் நமக்கும் பொருந்தும்.

யாழ்ப்பாணமோ நுவரெலியாவோ, மாவட்ட நீதிமன்றம் தந்த தொகை போதாதென்றால் தீர்ப்பிலிருந்து 14 நாளுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல், 60 நாளுக்குள் மனு. இரண்டையும் அதே நீதிமன்றத்தில்தான் கொடுக்க வேணும். சம்பளத் துண்டு, பறித்த கிலோக் கணக்கு எல்லாவற்றையும் முதல் வழக்கிலேயே காட்டிவிடுவோம். மேன்முறையீட்டில் புதுச் சாட்சியம் சேர்ப்பது லேசில்லை.